வீடு ஒரு கோர்ட்டு, கொல்லை ஒரு கோர்ட்டு

நான் யார் மேல் கேஸ் போட்டேனோ அவருக்கே நன்றி சொல்லிக்கொண்டு திரிகிறேன். மூளை கீளை குழம்பிப் போயிற்றா அம்மா என்று என் மகள் கேட்கிறாள். கேட்கட்டும். அவள் அன்றைக்குக் கோர்ட்டில் இல்லை. நான் இருந்தேன்.

எனக்கு லாண்டரித் தொழில். ஆஸ்பத்திரிப் படுக்கை விரிப்பு, லாட்ஜ் துண்டு, தலையணை உறை, இவைதான் எனக்குச் சோறு போடுகின்றன. தெருவைப் பார்த்த மாதிரி கடை, நடுவில் மெஷின்கள், மாடியில் நானும் மகளும். பின்னால் கொல்லை. துவைக்கிறதை மெஷின் துவைத்துவிடும். காய வைக்க வெயிலும் காற்றும் வேண்டும். கொல்லை இல்லாத லாண்டரி, அடுப்பு இல்லாத ஓட்டல் மாதிரி. அந்தக் கொல்லையைத்தான் ஒருத்தர் பூட்டுப் போட்டு வைத்துக்கொண்டார்.

அவர் பக்கத்துப் பட்டறைக்காரர். தெருவுக்கே வெல்டிங் அண்ணன். என் வீட்டுக்காரருக்கு உயிர்ச் சிநேகிதர். பட்டறையில் இடம் போதவில்லை, கொஞ்ச நாளைக்கு இரும்பு போட்டுக்கொள்கிறேன் என்று கேட்டார். இவரும் சரி என்றார். பிறகு இவர் போய்ச் சேர்ந்தார். அதே வருஷம் வெல்டிங் அண்ணன் கொல்லைக்குத் தகரக் கூரை போட்டார், இரும்புக் கதவு மாட்டினார், பூட்டும் தொங்கவிட்டார். என்ன அண்ணே இது என்று கேட்டால், "இது என் இடம்மா. உன் புருஷன் எனக்குக் கொடுத்துட்டான்" என்றார். ஒரு துண்டுச் சீட்டு கிடையாது. பத்திரம் என் பீரோவில்தான் இருக்கிறது. ஆனால் அந்தக் குரலில் இருந்த உறுதியைப் பார்த்தால் எனக்கே ஒரு நிமிஷம் சந்தேகம் வந்துவிட்டது!

உடனே ஏன் கேஸ் போடவில்லை என்று எல்லோரும் என்னைக் கேட்கிறார்கள். கேட்கிறவர்களுக்கு என்ன, வாய் வலிக்கவா போகிறது? புருஷன் இல்லை, கைக்குழந்தை, அரைகுறையாகத் தெரிந்த தொழில். அதோடு அந்த மனிதர் கெட்டவராகவும் இருந்து தொலைக்கவில்லையே! மெஷின் நின்றுவிட்டால் கூப்பிடாமலே வந்து நிற்பார். மகளுக்குக் காய்ச்சல் என்றால் அவர் மனைவி, என் அண்ணி, ரசம் கொண்டுவருவாள். இப்படிப்பட்டவர்கள் மேல் எப்படிக் கேஸ் போடுவது? மனிதருக்குத் தானாகப் புத்தி வரும் என்று காத்திருந்தேன். எனக்குத்தான் நரை வந்தது. துணியெல்லாம் மொட்டை மாடியில் காய்ந்தது.

ஆஸ்பத்திரியில் இன்னொரு வார்டு திறந்தார்கள். விரிப்புகள் இரண்டு மடங்காயின. மாடி போதவில்லை. ஒரு நாள் தலைமை நர்ஸ் ஒரு விரிப்பை எடுத்து என் மூக்குக்கு நேரே நீட்டினாள். ஈர வாடை. "இன்னொரு தடவை இப்படி வந்தா வேற ஆளைப் பார்த்துக்குவோம்மா. எனக்கு நோயாளிங்கதான் முக்கியம்" என்றாள். அவள் சொன்னதில் தப்பே இல்லை. ஆஸ்பத்திரி போனால் லாண்டரி போகும். லாண்டரி போனால் நாங்கள் இரண்டு பேரும் எங்கே போவது?

அந்த வாரமே, துண்டு எடுக்க வந்த லாட்ஜ் மேனேஜர் இன்னொரு குண்டைத் தூக்கிப் போட்டார். ஒருத்தர் இடத்தை இன்னொருத்தர் என்னுடையது என்று சொல்லிப் பகிரங்கமாகப் பன்னிரண்டு வருஷம் வைத்திருந்தால், அதற்குப் பிறகு சொந்தக்காரர் கேட்கவே முடியாதாம். விரல் விட்டு எண்ணிப் பார்த்தேன். பன்னிரண்டு நெருங்கிக்கொண்டிருந்தது.

நேரே பட்டறைக்குப் போனேன். கொல்லைக்குள் அவர் தனியாக நின்றுகொண்டிருந்தார். வாய்க்கு வந்தபடி கேட்டேன். அவரும் விடவில்லை. கடைசியில், "கோர்ட்டுக்குப் போறேன் அண்ணே, பார்த்துக்குங்க!" என்று கத்தினேன்.

"போயேன்! யாரு வேணாம்னா? படிக்கட்டுக் கோர்ட்டு எங்கே இருக்குன்னு தெரியுமா உனக்கு?"

"விசாரிச்சுப் போய்க்கறேன்."

"என்னத்த விசாரிப்பே? மார்க்கெட் போற பஸ்ல ஏறு. மணிக்கூண்டுகிட்ட இறங்கு. வாசல்ல நிக்கிற ஆளுங்க பேச்சைக் கேட்டு ஏமாந்துடாதே, நேரா மேல ஏறிப் போய்க் கேளு. போ!"

தன் மேல் கேஸ் போடப் போகிறவளுக்கு வழி சொல்லி அனுப்பிய மனிதரை நீங்கள் எங்கேயாவது பார்த்திருக்கிறீர்களா? எனக்கு ஆத்திரத்தில் அது உறைக்கவில்லை. அவர் சொன்ன பஸ்ஸில் ஏறி, அவர் சொன்ன இடத்தில் இறங்கி, அவர் சொன்ன கோர்ட்டிலேயே கேஸ் போட்டேன்.

எங்கள் தெருக்காரர்களுக்குக் கோர்ட்டு என்றால் அது ஒன்றுதான். வாடகைச் சண்டை, விவாகரத்து, பாகப் பிரிவினை எல்லாம் அங்கேதான் போகும். வாசலில் மூச்சு வாங்க வைக்கும் படிக்கட்டு. அதனால் அந்தப் பெயர். என் வக்கீலும் அங்கேதான் அகப்பட்டார். நல்ல மனிதர், ஆனால் விஷயம் சரியில்லை என்றால் இருமுவார். மனதுக்குள் அவருக்கு இருமல் வக்கீல் என்றே பெயர் வைத்திருந்தேன்.

ஏறக்குறைய இரண்டு வருஷம் வாய்தா மேல் வாய்தா. எனக்கும் வெல்டிங் அண்ணனுக்கும் ஒரே தெரு, ஒரே பஸ். வேறு என்ன செய்வது? போகும்போது அவர் ஜன்னலோரம், நான் பின் சீட்டு. "இன்னிக்கும் தள்ளிதான் போடுவாங்க பாரு" என்பார். "உங்க வக்கீல் வாயைத் திறந்தா ஏன் தள்ளிப் போடறாங்க?" என்பேன். மழை வந்தால் என் குடைக்குள் வந்துவிடுவார். கோர்ட்டுக்குள் போனதும் ஆளுக்கொரு பக்கம் உட்கார்ந்து முறைத்துக்கொள்வோம்.

அப்புறம் அவர் மகன் ஒரு புது வக்கீலைப் பிடித்து வந்தான். சின்ன வயசு, பேச்சில் கத்தி. அவர் பழைய வரைபடங்களைப் புரட்டி ஒரு விஷயத்தைக் கண்டுபிடித்தார். எங்கள் வரிசை வீடுகளுக்குப் பின்னால் ஒரு காலத்தில் திறந்த சாக்கடை ஓடியதாம். நாங்கள் யாரும் பிறக்காத காலம். அதன் மேல் கல் பாவி, மண் போட்டு, வீட்டுக்காரர்கள் அதற்கு அப்பால் இருந்த இடத்தை ஆளுக்குக் கொஞ்சம் வாங்கிச் சேர்த்துக்கொண்டார்கள். அந்தச் சாக்கடைதான் இரண்டு கோர்ட்டுகளுக்கும் நடுவில் எல்லை! அதாவது, என் வீடு படிக்கட்டுக் கோர்ட்டுக்குள். என் கொல்லை, ஊர் மறுகோடியில் இருக்கும் இன்னொரு கோர்ட்டுக்குள். நிலம் எங்கே இருக்கிறதோ அங்கேதான் நில வழக்கு போடவேண்டும் என்பது சட்டம்.

நீதிபதி வரைபடத்தைப் பார்த்தார். இந்த இடம் என் அதிகார எல்லைக்குள் வரவில்லை, உரிய கோர்ட்டில் போட்டுக்கொள்ளுங்கள் என்று மனுவைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். அவ்வளவுதான். இரண்டு வருஷம் அம்போ.

படி இறங்கிப் போனேன். பஸ் ஸ்டாப்பில் வெல்டிங் அண்ணன் பேந்தப் பேந்த விழித்துக்கொண்டு நின்றார்.

"ஏம்மா, கேஸ் முடிஞ்சுதா? யாரு ஜெயிச்சா?"

"இது நம்ம கோர்ட்டே இல்லையாம் அண்ணே."

"என்ன கூத்து இது! அப்ப இத்தனை நாளா நாம யாரு கோர்ட்டுல சண்டை போட்டுக்கிட்டிருந்தோம்?"

அவர் நிஜமாகவே கேட்டார். அந்த முகத்தை நான் மறக்க மாட்டேன்.

இருமல் வக்கீல் அன்றைக்கு இருமிய இருமலில் பக்கத்து அறைக்காரர் தண்ணீர் கொண்டுவந்தார். "அம்மா, புதுக் கோர்ட்டுல உடனே போட்டுடலாம். ஆனா இதுக்குள்ள அந்தப் பன்னிரண்டு வருஷம் தாண்டிடுச்சு" என்றார்.

"எல்லையைப் பார்க்காம போட்டது யாருங்க? நானா?" எனக்கு வந்த கோபத்தில் அவர் மேஜையைக் கவிழ்த்திருப்பேன்.

"என் தப்புதாம்மா. உங்க தெருக் கேஸ் எல்லாம் இங்கேதான் வரும், அந்தப் பழக்கத்துல போட்டுட்டேன். ஆனா ஒரு வழி இருக்கு. தப்பான கோர்ட்டுல போன காலத்தைச் சட்டம் கழிச்சுடும். நாம நேர்மையா ஏமாந்திருக்கணும், அசட்டையா இருந்திருக்கக் கூடாது. அதை நிரூபிச்சா கேஸ் நிக்கும். நிரூபிக்கலேன்னா, கொல்லையை மறந்துட வேண்டியதுதான்."

நேர்மையாக ஏமாந்ததற்குச் சாட்சிக்கு எங்கே போவது? தெருக்காரர்களைக் கூப்பிட்டால் உனக்கேன் வம்பு என்று கதவைச் சாத்திக்கொண்டார்கள். கொல்லையில் நடந்த சண்டையைச் சொன்னேன். வக்கீல் நிமிர்ந்து உட்கார்ந்தார். "அப்ப வேற யாராவது இருந்தாங்களா?"

"நாங்க ரெண்டு பேர்தான்."

"அப்ப அவர் இல்லேன்னு சொல்லிட்டா முடிஞ்சுது" என்று இருமினார்.

புதுக் கோர்ட்டு, ஒரு கிடங்குக்கு மேல் மாடியில் இருந்தது. அங்கே ஒரு பெண் நீதிபதி. கேஸ் காலக்கெடுவுக்குள் வருகிறதா என்பதை முதலில் விசாரிக்கிறேன் என்றுவிட்டார். அதிலிருந்து வெல்டிங் அண்ணன் பஸ்ஸில் என் பக்கம் திரும்புவதே இல்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு முன்னால் போய் நின்றுகொள்வார். எனக்குப் புரிந்துபோயிற்று. என்ன சொல்லவேண்டும் என்று அவருக்குச் சொல்லிக் கொடுத்தாயிற்று.

வெல்டிங் அண்ணன் கூண்டில் ஏறும் நாள் வந்தது. அவருடைய சின்ன வக்கீல் எழுந்து கேட்டார்.

"அந்த இடம் எந்தக் கோர்ட்டு எல்லையில இருக்குன்னு உங்களுக்கு எப்பத்திலிருந்து தெரியும்?"

"ஆரம்பத்திலேருந்தே தெரியும்" என்றார், கூண்டுக் கம்பியைப் பார்த்துக்கொண்டு.

"தெருவில மத்தவங்களுக்கு?"

"எல்லாருக்கும் தெரியும்."

பாவி மனுஷா என்று மனதுக்குள் அலறினேன். பதினாலு வருஷமாக அண்ணே அண்ணே என்று கூப்பிட்ட வாயை நானே அடித்துக்கொள்ளலாம் போல இருந்தது.

இருமல் வக்கீல் எழுந்தார். அன்றைக்கு அவர் இருமவில்லை.

"உங்க தங்கச்சி கோர்ட்டுக்குப் போறேன்னு சொன்னப்போ, எந்தக் கோர்ட்டுக்குப் போகணும்னு அவங்களுக்கு யாராவது சொன்னாங்களா?"

சின்ன வக்கீல் தலையை லேசாக ஆட்டினார், இல்லை என்று சொல்லச் சொல்லி. எனக்கே அது தெரிந்தது. இல்லை என்ற ஒரு வார்த்தை போதும். என்னால் எதையும் காட்ட முடியாது. கொல்லை அவருடையதாகிவிடும், அவர் மகன் அங்கே மாடி கட்டுவான், நான் ஆஸ்பத்திரியை இழப்பேன். அவர் என்னை ஒரு தரம் பார்த்தார். நான் கண்ணை எடுக்கவில்லை.

"சொன்னாங்க" என்றார்.

"யாரு?"

"நான்தான். படிக்கட்டுக் கோர்ட்டுக்குப் போன்னு நான்தான் சொன்னேன். எந்த பஸ்ஸுன்னு கூட நான்தான் சொன்னேன்."

சின்ன வக்கீல் துள்ளி எழுந்தார். நீதிபதி அவரைக் கையமர்த்திவிட்டுக் கூண்டைப் பார்த்தார். "இப்பதானே ஆரம்பத்திலேருந்தே தெரியும்னு சொன்னீங்க? ரெண்டுல எது உண்மை? நிதானமா யோசிச்சுச் சொல்லுங்க. நீங்க சொல்றது பதிவாகுது."

"யோசிக்க ஒண்ணுமில்லைம்மா. தெரியாது. எங்க யாருக்கும் தெரியாது. தெரியும்னு சொல்லுன்னாங்க, சொல்லிட்டேன். இப்ப நினைச்சுப் பார்த்தா, தெரிஞ்சே அந்தக் கோர்ட்டுக்குப் போன்னு நான் அனுப்பியிருந்தா நான் என்ன மனுஷன்? இடம் என்னுதுதான், அதை நான் விடமாட்டேன். ஆனா ஒரு பொம்பளையை வழி மாத்தி அனுப்பிட்டு, நேரம் ஆயிடுச்சு போன்னு கதவைச் சாத்தறவன் நான் இல்லை. சண்டைன்னா நேருக்கு நேரா நின்னு போடுவேன்."

என் வயிற்றில் யாரோ பாலை வார்த்த மாதிரி இருந்தது. முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அழுதேன். எனக்காக யாரும் அதற்கு முன் எதையும் அப்படித் தூக்கிக் கொடுத்ததில்லை. அதுவும் கையில் அகப்பட்டதை.

அன்றைக்கு பஸ்ஸில் அவருக்குப் பின் சீட்டில் போய் உட்கார்ந்தேன். "அண்ணே" என்றேன்.

"நன்றி கின்றின்னு ஆரம்பிச்சே, அடுத்த ஸ்டாப்ல இறங்கிடுவேன். உன்னைத் தோற்கடிக்காம விடமாட்டேன், தெரிஞ்சுக்க."

"தோற்கடிங்க பார்ப்போம்" என்றேன். சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன.

வீட்டுக்கு வந்து விரிப்பு மடித்துக்கொண்டிருந்தபோது சுவருக்கு அந்தப் பக்கம் மகன் கத்துவது கேட்டது. கையில் இருந்த இடத்தை வாயால் தொலைத்துவிட்டீர்களே என்று குதித்தான். அண்ணி ஏதோ சமாதானம் சொன்னாள். கேஸ் போட்டவள் போய் எதிராளிக்குப் பரிந்து பேசினால் நன்றாக இருக்காது என்று பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன்.

கேஸ் காலத்துக்குள் வந்தது என்று நீதிபதி தீர்ப்புச் சொன்னார். பிறகு முக்கியமான விசாரணை. என் வீட்டுக்காரர் கொடுத்தாரா, இல்லையா? வெல்டிங் அண்ணன் மறுபடி கூண்டேறினார். இடத்தைக் கொடுத்தபோது உங்கள் சிநேகிதர் என்ன வார்த்தை சொன்னார் என்று நீதிபதி கேட்டார். அவர் கண்ணை மூடி யோசித்துப் பார்த்தார். "ஞாபகம் வரலீங்க" என்றார். மாதங்கள் கழித்துத் தீர்ப்பு வந்தது. கொல்லை என்னுடையது.

ஆனால் அதோடு முடியவில்லை. தோற்றவர் மேல் கோர்ட்டுக்குப் போகலாம், அதற்கும் ஒரு கெடு உண்டு. இருமல் வக்கீல் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "அவங்க இன்னும் அப்பீல் போடலைம்மா. கெடு முடியப் போகுது. வாயைத் திறக்காம இருங்க. தாண்டிட்டா அப்புறம் உங்க கொல்லையை யாரும் தொட முடியாது" என்றார்.

வீட்டுக்கு வந்தேன். மெஷினில் விரிப்புகளைத் திணித்தேன், எடுத்தேன். வேலையே ஓடவில்லை. சும்மா இருப்பதற்கு எனக்கு எல்லா நியாயமும் இருந்தது. மகள் இருக்கிறாள், ஆஸ்பத்திரி இருக்கிறது, மேல் கோர்ட்டில் என்ன ஆகுமோ யாருக்குத் தெரியும். ஆனால் காலம் கடந்துபோயிற்று என்று என் கதவு மூடப் பார்த்தபோது காலைக் கொடுத்துத் தடுத்தவர் அந்த மனிதர். அவர் கதவு அதே மாதிரி மூடிக்கொள்ள, நான் பக்கத்துக் கடையில் கையைக் கட்டிக்கொண்டு வேடிக்கை பார்ப்பதா? சீ என்று இருந்தது. ஈரக் கையைத் துடைத்துக்கொண்டு பட்டறைக்குப் போனேன்.

அவர் ஒரு வாசல் கேட்டுக்குக் கம்பி அளந்துகொண்டிருந்தார்.

"அண்ணே, அப்பீலுக்குக் கெடு முடியப் போகுது. போறதா இருந்தா இந்த வாரமே போங்க."

அவர் நிமிர்ந்து என்னை ஏற இறங்கப் பார்த்தார். "உனக்கென்ன பைத்தியமா?"

"ஆமாம். எந்தக் கோர்ட்டுன்னு நல்லா விசாரிச்சுட்டுப் போங்க. எனக்குத் தெரியாது, தெரிஞ்சா சொல்லியிருப்பேன்."

கம்பியைக் கீழே வைத்தார். கையுறையைக் கழற்றினார்.

"கெடு இருக்குன்னு எனக்குத் தெரியும்மா. பையன் தினமும் தொண்டை கிழியக் கத்தறான். போகவேண்டாம்னுதான் உட்கார்ந்திருக்கேன்."

"ஏன் அண்ணே?"

"அந்தம்மா கேட்டாங்களே, உன் புருஷன் என்ன வார்த்தை சொன்னான்னு. எவ்வளவோ யோசிச்சுப் பார்த்தேன். கொடுத்தேன்னு அவன் சொன்ன மாதிரி ஒண்ணும் வரலை. நான் கேட்டதுதான் ஞாபகம் வந்துச்சு. கொஞ்ச நாளைக்கு இரும்பு போட்டுக்கறேன்டான்னு கேட்டேன். இத்தனை வருஷமா எனக்கு நானே வேற கதை சொல்லி, அதையே நம்பிட்டேன் பாரு." முகத்தைத் தோள் துண்டால் அழுத்தித் துடைத்துக்கொண்டார்.

நான் நன்றி சொல்லிவிட்டேன். எத்தனை தரம் சொன்னேன் என்று எனக்கே தெரியாது. இந்தத் தடவை அவர் எங்கேயும் இறங்கிப் போகவில்லை. சரி சரி, கடையைப் போய்ப் பாரு என்றார். நான் வாசல் தாண்டும்போது பின்னாலிருந்து கூப்பிட்டார்.

"நாளைக்குக் காலையில ஷெட்டைப் பிரிக்கறேன். மாடியில ஒரு துணியும் காயப் போடாதே. துரு பறக்கும், விரிப்பெல்லாம் கறையாயிடும்."

சரி அண்ணே என்றேன். மாடிக்குப் போய்க் காய்ந்துகொண்டிருந்த விரிப்புகளை எடுத்தேன்.